விடுதலைப் பத்திரம்: யாருக்கு விடுதலை?

பூர்வீகச் சொத்து வழக்கு என்றாலே நம் எழுத்தாளர்களுக்குப் பெருமூச்சு வந்துவிடுகிறது. கூட்டுக் குடும்பம் உடைஞ்சு போச்சு, அண்ணன் தம்பி கோர்ட்டு வாசலில் நிக்கிறான், காலம் கெட்டுப்போச்சு. இந்தப் பெருமூச்சை நான் சந்தேகிக்கிறேன். பீம்சிங்கின் ‘பாகப்பிரிவினை’ (1959) படத்தில் குடும்பத்தைப் பிரிப்பது யார்? அண்ணன் மனைவியும் அவளுடைய உறவுக்காரனும். சகோதரர்கள் நல்லவர்கள், வந்தவள்தான் கெடுத்தாள். பெண் பிரிப்பவளாக வரலாம், பங்கு கேட்பவளாக வரக்கூடாது. அதற்கு மூன்று வருஷம் முன்பு வந்த 1956 இந்து வாரிசுரிமைச் சட்டமும் மிதாட்சரக் கூட்டுக் குடும்பத்தில் மகளுக்குப் பிறப்புரிமை தரவில்லை. தகப்பன் செத்தபின் அவன் பங்கில் ஒரு துண்டு, அவ்வளவுதான். படமும் சட்டமும் ஒரே சொல்லாடலின் இரண்டு பிரதிகள்.

மூன்றாவது பிரதி ஒன்று இருக்கிறது. பத்திர எழுத்தர் எழுதும் விடுதலைப் பத்திரம். ‘எனக்கு நகை போட்டு, சீர் செய்து, கல்யாணம் முடித்துக் கொடுத்துவிட்டபடியால்’ என்று அதில் ஒரு பெண் பேசுகிறாள். ‘எவருடைய தூண்டுதலுமின்றி, முழு மனதுடன்’ என்கிறாள். இனி இந்தச் சொத்தில் தனக்கும் தன் வாரிசுகளுக்கும் யாதொரு பாத்தியமும் பின்தொடர்ச்சியும் இல்லை என்று முடிக்கிறாள். தன்மையில் எழுதப்பட்ட பிரதி. ஆனால் ஒரு வாக்கியம்கூட அவள் வாக்கியம் இல்லை. தன் உரிமையை அழித்துக்கொள்ளும் இடத்தில் மட்டும் அவளுக்கு ‘நான்’ என்ற சொல் வழங்கப்படுகிறது. இதற்கு நாம் வைத்திருக்கும் பெயர் விடுதலை. விடுபடுவது அவளல்ல, நிலம்.

பெண்ணுக்குச் சம சொத்துரிமை என்று 1929இல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு தீர்மானம் போட்டது. தமிழ்நாட்டுத் திருத்தம் அமலுக்கு வந்த தேதி 25.3.1989. அதிலும் அந்தத் தேதிக்கு முன் கல்யாணமான மகளுக்குக் கிடையாது. தாலி ஏறியதும் பிறப்பு ரத்து! 2005 மத்தியத் திருத்தம்தான் இந்த வேலியை எடுத்தது. அப்பா அந்தத் திருத்தத்தின்போது உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது 2020இல். ‘எப்பவோ வாய்மொழியா பாகம் ஆயிடுச்சு’ என்ற வாதத்தையும் அரசு ஆவணங்கள் போன்ற உறுதியான சான்று இல்லாமல் ஏற்கக்கூடாது என்று அதே தீர்ப்பு சொன்னது.

வாய்மொழிப் பாகத்தின் கதவு குறுகியபின் மிஞ்சுவது கையெழுத்து. ‘அக்கா, ஒரு கையெழுத்துதானே, போட்டுட்டுப் போ.’ சட்டம் கொடுத்ததைப் பாசம் திருப்பி வாங்குகிறது. கேட்டால் பொறந்த வீட்டு வாசப்படி போய்விடும், பிள்ளைக்குத் தாய்மாமன் சீர் நின்றுவிடும் என்ற பயம் எந்தப் பத்திரத்திலும் பதிவாவதில்லை. பிறகு அவள் வழக்குப் போட்டால், ஏமாற்றியதையும் மிரட்டியதையும் அவளேதான் நிரூபிக்க வேண்டும், அதுவும் விஷயம் தெரிந்த மூன்று ஆண்டுக்குள் வந்திருக்க வேண்டும். அப்போது எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் வாசிப்பது ‘எவருடைய தூண்டுதலுமின்றி’ என்ற வரியைத்தான்.

தோழர்கள் ஒன்று கேட்பார்கள்: நிலமுள்ள சாதிக்குள் பங்கு பிரிப்பதில் என்ன புரட்சி? நியாயமான கேள்வி. 1892இல் ஒதுக்கப்பட்ட பஞ்சமி நிலங்களே பெருமளவு கைமாறிப்போன நாட்டில், நிலமற்ற தலித் பெண்ணுக்கு இந்தத் தீர்ப்புகள் எதுவும் தரவில்லை. ஆனால் நிலம் ஆண்வழியாகவே இறங்குவதும், அது சாதிக்குள்ளேயே நிற்பதும் ஒரே ஏற்பாடு. மகளுக்குக் கொடுத்தால் சொத்து ‘வேற வீட்டுக்கு’ப் போயிடும் என்ற பதற்றத்தில் இரண்டும் சேர்ந்தே இருக்கின்றன. அவள் சாதி மாறிக் கல்யாணம் பண்ணிக்கொண்டால் அந்தப் பதற்றம் என்ன ஆகிறது என்று நமக்குத் தெரியும்.

ஆகவே அண்ணன் மேல் வழக்குப் போட்ட தங்கையைப் பேராசைக்காரி என்று எழுதுவதை நிறுத்துவோம். தனக்காக வேறொருவர் எழுதிய பிரதியை மறுத்து, தன் பெயரில் அவள் எழுதிய முதல் பிரதி அந்த வழக்கு மனு. அந்தக் கையெழுத்துக்கு முந்தைய இரவு அவள் வீட்டில் என்ன பேசினார்கள் என்பது மனுவிலும் முழுதாக இருக்காது. கதை எழுதுகிறவர்கள் அங்கிருந்து தொடங்கலாம்.