சந்திரியை மறந்தோமா?

"துணிச்சலான படம்" என்று ஒரு சினிமாவைச் சொன்னால், நம்மவர்கள் நடிகை எப்படி நடித்தாள் என்று கேட்பதில்லை. எவ்வளவு தூரம் நடித்தாள் என்றுதான் கேட்கிறார்கள். கலைப்பட நடிகைகளுக்கு இந்தக் கேள்வி செய்திருக்கும் அநியாயம் கொஞ்சநஞ்சமல்ல. இத்தாலியில் பஸோலினியின் 'தியோரமா' 1968இல் ஆபாச வழக்கில் சிக்கியது. அதே ஆண்டு, அதில் வேலைக்காரியாக நடித்த லாரா பெட்டிக்கு வெனிஸ் விழா சிறந்த நடிகை விருதை அளித்தது. வழக்கைப் பற்றிப் பேசிய அளவுக்கு நடிப்பைப் பற்றிப் பேசினார்களா? இத்தாலி வரைக்கும் போவானேன், நம்ம பெங்களூரிலேயே ஒருவர் இருந்தார்: சினேகலதா ரெட்டி.

சென்னையில் 'மெட்ராஸ் பிளேயர்ஸ்' நாடகக் குழுவைத் தொடங்கியவர்களில் ஒருவர் அவர். யு.ஆர். அனந்தமூர்த்தியின் நாவலை அவர் கணவர் பட்டாபிராம ரெட்டி 1970இல் 'சம்ஸ்காரா' என்ற கன்னடப் படமாக எடுத்தபோது, சந்திரி வேடம் சினேகலதாவுக்கு வந்தது. கிரீஷ் கர்னாட்தான் பிராணேசாச்சாரியார். சாதிப் பூசலைக் கிளப்பும் என்று சொல்லிச் சென்னைத் தணிக்கைக் குழு படத்தைத் தடுத்தது. பிறகு தடை நீங்கியது. அந்த ஆண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதும் கிடைத்தது.

கதை தெரிந்ததுதான். ஆசாரத்தை மீறி வாழ்ந்த நாரணப்பா செத்துக் கிடக்கிறான். யார் கொள்ளி வைப்பது என்று அக்கிரகாரமே விவாதிக்கிறது. அவனோடு வாழ்ந்த சந்திரி ஒன்றும் வாதாடவில்லை. செலவுக்கு வைத்துக்கொள்ளுங்கள் என்று தன் நகைகளைக் கழற்றி வைக்கிறாள். அவ்வளவுதான். படித்தவர்கள் சாஸ்திரத்தைப் புரட்டிக்கொண்டிருக்க, செய்ய வேண்டியதைச் செய்கிறவள் அவள் ஒருத்திதான்.

இந்த வேடத்தை மயக்குகிறவளாக நடித்திருந்தால் படமே கெட்டிருக்கும். சினேகலதா அப்படிச் செய்யவில்லை. அதிகம் பேசாமல், அசையாமல், பார்வையாலேயே தாங்குகிறார். அதனால்தான் காட்டில் ஆச்சாரியாரோடு சேரும் கட்டம் ஒரு முனிவரின் வீழ்ச்சியாகத் தோன்றாமல், இரண்டு மனிதர்களின் துயரமாகத் தோன்றுகிறது. படத்தின் உண்மையான துணிச்சல் இதுவே எனலாம்.

குறையும் உண்டு. பிற்பகுதியில் படம் ஆச்சாரியாரின் மனப்போராட்டத்தின் பின்னால் போய்விடுகிறது. சந்திரி கதையைவிட்டே மறைந்துபோகிறாள். அவளுக்கு என்ன ஆயிற்று என்று படம் கேட்கவே இல்லை.

நாமும் அதையேதான் செய்தோம். நெருக்கடி நிலையின்போது, 1976 மே மாதம், பரோடா வெடிமருந்து வழக்கையொட்டி சினேகலதா கைதானார். ஆஸ்துமா நோயாளியான அவரைப் பெங்களூர் மத்திய சிறையில் எட்டு மாதம் வைத்திருந்தார்கள். 1977 ஜனவரி 15இல் பரோலில் விட்டார்கள். 20ஆம் தேதி இறந்துபோனார். அந்தப் பழைய சிறை வளாகம்தான் இன்றைய சுதந்திரப் பூங்கா.

தியாகி என்று அவரை நினைவுகூர்கிறோம், அது நியாயமே. ஆனால் அதோடு நின்றுவிட்டால், சிறைதான் அவருடைய ஒரே மேடை என்றாகிவிடும். அவர் முதலில் ஒரு கலைஞர். சடங்கைவிட மனிதர் பெரிது என்பதை மேடைப் பேச்சால் அல்ல, நடிப்பால் காட்டியவர். கன்னடம் நன்றாகத் தெரிந்த பெங்களூர்த் தமிழர்களாவது 'சம்ஸ்காரா'வை ஒருமுறை சந்திரிக்காகப் பாருங்கள். தியாகிக்கு மாலை போட்டாயிற்று. நடிகைக்கு நாம் தர வேண்டிய கவனம் இன்னும் பாக்கி.