ஒரு குவார்ட்டர்பேக்கின் ஃபார்ம்: டிவிடி காட்டிய ஆட்டம்

பதின்ம வயதினர் தொடர்களை டிவிடியிலும் டவுன்லோட் செய்தும் பார்த்த காலத்துக்கு ஏங்குகிறவர்கள், உண்மையில் தங்கள் இளமைக்குத்தான் ஏங்குகிறார்கள் என்று சொல்லித் தள்ளிவிடுகிறோம். அது பாதி உண்மை; மறுபாதி இது: ஒரே இன்னிங்ஸை வைத்து எந்த ஆட்டக்காரரையும் நாம் எடைபோடுவதில்லை. நடிகரின் ஆட்டத்தையும் அப்படிச் சீசன் கணக்கில் அளக்கும் வசதியைச் சாதாரண ரசிகருக்குத் தந்தவை அந்த வட்டுகள்தான். டெக்சாஸின் டில்லன் என்ற கற்பனை ஊரில், ஒரு பள்ளியின் அமெரிக்கக் கால்பந்து அணியைச் சுற்றி நடக்கும் 'ஃப்ரைடே நைட் லைட்ஸ்' (2006-2011, 76 எபிசோட்) இதற்கு நல்ல சான்று.

அதில் மாட் சாரசெனாக வரும் சாக் கில்ஃபோர்டைப் பாருங்கள். முதல் எபிசோடில், அணியின் தாக்குதலை வழிநடத்தும் குவார்ட்டர்பேக்கான நட்சத்திர வீரன் முடமாகிவிட, மாற்று ஆட்டக்காரன் சாரசென் களமிறங்குகிறான். பேச்சு திக்குகிறது, பார்வை தரையில் கிடக்கிறது. அப்பா ஈராக்கில், பாட்டி இவன் பொறுப்பில். அந்தத் தயக்கத்தைக் கில்ஃபோர்டு சீசன் சீசனாக, கொஞ்சம் கொஞ்சமாகத்தான் தளர்த்துகிறார். 4-ஆவது சீசனில் அப்பா இறந்த செய்தி வருகிறது. 'தி சன்' எபிசோடில், பயிற்சியாளர் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் அவன் உடைந்துபோகும்போது, அதுவரை விழுங்கிய சொற்கள் எல்லாம் வெளியே கொட்டுகின்றன. முதல் சீசனின் திக்கலை அறியாதவருக்கு அது நல்ல அழுகைக் காட்சி, அவ்வளவே. அறிந்தவருக்கு அது நான்கு சீசன் உழைப்பின் அறுவடை. இந்த நடிப்புக்காகக் கில்ஃபோர்டுக்கு எம்மி பரிந்துரைகூடக் கிடைக்காதது பெரிய அநியாயம். ஒத்திகை இல்லாமல், கையில் பிடித்த மூன்று கேமராக்களோடு எடுத்த தொடர் இது. மூக்கின் நுனி சிவப்பதுகூடப் பதிவாகிறது. 2006-இல் ஐடியூன்ஸ் விற்ற முதல் சீசனின் 640x480 படத்திலும் அந்த முகம் தேய்ந்துபோகவில்லை.

இன்று ஓடிடியிலும் சீசன்கள் வரிசையாகக் கிடைக்கின்றனவே என்று கேட்கலாம். கிடைக்கின்றன, உரிம ஒப்பந்தம் இருக்கும்வரை. வட்டுகளும் மாசற்றவை அல்ல என்பது வலுவான மறுப்பு. 'டாசன்ஸ் க்ரீக்' தொடரின் முகப்புப் பாடலே, உரிமைச் சிக்கலால், 3-ஆவது சீசன் டிவிடி முதல் மாற்றப்பட்டது. ஆனால் அச்சான வட்டு அதற்குப்பின் மாறாது. எதை ஒளிபரப்பினார்கள், எதை விற்றார்கள் என்று ஒப்பிட்டுக் கேள்வி கேட்கவாவது அதில் பிடி உண்டு. எழுத்தாளர்கள் வேலைநிறுத்தத்தால் 15 எபிசோடில் நின்றுபோன 'ஃப்ரைடே நைட் லைட்ஸ்' 2-ஆவது சீசனும் பலவீனமானதுதான். ஃபார்ம் இழந்த அந்தக் கட்டத்தையும் பார்த்தால்தான் பின்னால் வந்த மீட்சியின் உயரம் தெரியும்.

ஆகவே 'தி சன்' காட்சித் துணுக்கு உங்கள் செல்பேசிக்கு வந்தால், அதை இப்போதைக்கு ஒதுக்கி வைத்துவிட்டு முதல் சீசனிலிருந்து தொடங்குங்கள். டிவிடி தொகுப்பை இன்னும் வைத்திருப்பவர்கள் தயவுசெய்து அதைப் பழைய பேப்பர் கடையில் போட்டுவிடாதீர்கள்.