தொழிற்சாலையும் கமராவும்: ஃபோல்கர் கோப்பின் விற்ஸ்ரொக் படங்கள்

1989 நவம்பர் 9ஆம் நாள் பேர்லின் மதில் திறக்கப்பட்டதையும் 1990 ஒக்ரோபர் 3ஆம் நாள் இரு ஜேர்மனிகளும் இணைந்ததையும் பதிவுசெய்த படங்கள் பல. அவற்றுட் பெரும்பாலானவை மாற்றத்தை வீதிகளிலே திரண்ட மக்கட் கூட்டத்திற் கண்டன. விவரணத் திரைப்பட நெறியாளரான ஃபோல்கர் கோப் (பிறப்பு 1944) அதனை ஒரு தொழிற்சாலைப் பெண்களின் வாழ்க்கையில் வைத்து நோக்கினார்.

பேர்லினுக்கு வடமேற்கேயுள்ள சிறுநகர் விற்ஸ்ரொக். 1970களின் முற்பகுதியில் ஜேர்மன் ஜனநாயகக் குடியரசு அங்கு பெரியதொரு பின்னலாடைத் தொழிற்சாலையை நிறுவியது. தொழிலாளருட் பெரும்பாலோர் இளம் பெண்களாவர். 1975 முதல் 1997 வரையான 22 ஆண்டுகளில் கோப் அவர்களைப் பற்றி ஏழு படங்களை ஆக்கினார். அவற்றின் மையமாக மூன்று பெண்கள் தொடர்ந்து இடம்பெறுகின்றனர். தொடக்கம் முதலே அவர்கள் வேலைத்தலத்தின் ஒழுங்கீனங்களையும் நிருவாகத்தின் போக்கையும் ஒளிவுமறைவின்றி விமர்சிக்கின்றனர்.

1990க்கு முன் வெளிவந்த ஐந்து படங்களும் டெஃபா என்னும் அரச திரைப்பட நிறுவனத்துள் உருவானவை. அவ்வாறாயின் அவற்றைச் சுயாதீனமான கலைப்படைப்புகள் எனலாமா என்னும் வினா எழுதல் இயல்பே. சுயாதீனத்தைப் பணத்தின் ஊற்றைக் கொண்டு மட்டும் அளவிடுதல் போதாது என்பது எமது கருத்து. அரசு விரும்பிய இலட்சியத் தொழிலாளியைத் தேடாது, குறைகூறும் தொழிலாளியின் குரலுக்கு ஆண்டுக்கணக்காகக் காத்திருந்து இடமளித்தமையே கோப்பின் சுயாதீனமாகும்.

1990இல் அமைக்கப்பட்ட ட்ரொய்ஹாண்ட் நிறுவனத்தின் பொறுப்பில், ஏறத்தாழ 40 இலட்சம் பேர் தொழில்புரிந்த 8,500 வரையான அரச நிறுவனங்கள் விடப்பட்டன. விற்ஸ்ரொக் தொழிற்சாலை மூடப்பட்டது. டெஃபாவும் அதே நிறுவனத்தின் கைக்குச் சென்று தனியார்மயமாயிற்று. படமெடுத்தவரும் படமாக்கப்பட்டோரும் ஒரே வரலாற்று விதிக்கு உட்பட்டனர். 1992இலும் 1997இலும் வந்த இறுதி இரு படங்கள் வேலையின்மை, மறுபயிற்சி, தற்காலிகத் தொழில் என்பவற்றினூடாக அப்பெண்களைப் பின்தொடர்கின்றன.

ஏழு படங்களையும் ஒருசேர நோக்குமிடத்து ஓர் உண்மை புலப்படும். அத்தொழிற்சாலை சட்டப்படி 'மக்கள் உடைமை'யாக இருந்தது. ஆயினும் அதன் தீர்மானங்கள் அதில் உழைத்தோரின் கைகளில் இருக்கவில்லை. எனவே அது விற்கப்படவும் மூடப்படவும் நேர்ந்தபோது, தமதென்று சொல்லப்பட்டதைக் காப்பதற்கான அதிகாரமும் அவர்களிடம் இருக்கவில்லை. அரச உடைமையும் சமூக உடைமையும் ஒன்றல்ல என்னும் கோட்பாட்டு விவாதம் இங்கு மனித முகங்களோடு வெளிப்படுகின்றது.

உடைமை மாற்றத்தின் பொறிமுறையை இப்படங்கள் ஆராயவில்லை என்பது ஒரு குறைபாடே. தொழிற்சாலையை மூடத் தீர்மானித்தோர் திரைக்கு வெளியிலேயே நிற்கின்றனர். எனினும், இப்படங்களைக் கடந்தகாலம் பற்றிய ஏக்கமாகவோ சோசலிசத்தின் மீதான இறுதித் தீர்ப்பாகவோ கொள்ளுதல் தவறாகும். சோசலிசத்தை மீளச் சிந்திக்க விழைவோர், அது நிலவிய காலத்திலேயே இப்பெண்கள் கூறிய குறைகளிலிருந்து தொடங்குதல் வேண்டும்.