கேட்டுக்கொண்டே நடித்தவர்

லிஃப்டில் ஒரு சிறுவன் பந்தோடு வருகிறான். எதிரே நிற்பவரிடம், "நீங்க ஷ்டாசியா?" என்று கேட்கிறான். ஷ்டாசி என்றால் என்னவென்று தெரியுமா என்கிறார் அவர். ஆட்களைப் பிடித்து உள்ளே போடும் கெட்டவர்கள், அப்பா சொன்னார் என்கிறான் பையன். அவர் உண்மையிலேயே கிழக்கு ஜெர்மனியின் ரகசியப் போலீஸான ஷ்டாசியின் உளவு அதிகாரி. வாய் பழக்கத்தில் திறந்துகொள்கிறது. உன் அப்பா பெயர் என்ன என்று கேட்கப் போனவர், "உன்..." என்பதோடு நின்றுவிடுகிறார். பிறகு, பந்தின் பெயரைக் கேட்டு முடிக்கிறார்.

அந்தச் சிறு மௌனத்தில் ஒரு மனிதன் மாறிவிடுகிறான். நடிகர் உல்ரிஷ் மூஹே அதற்காக முகத்தைச் சுளிப்பதில்லை, பெருமூச்சு விடுவதில்லை. 'தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்' (2006) படத்தில் வீஸ்லர் என்ற அந்த அதிகாரிக்குப் பெரும்பாலும் வசனமே கிடையாது. ஒரு நாடகாசிரியரின் வீட்டுக்கு மேலே, பரணில், ஹெட்போன் மாட்டிக்கொண்டு அடுத்தவர் வாழ்க்கையைக் கேட்டுக்கொண்டிருப்பதுதான் வேலை. கீழே பியானோ ஒலிக்கும்போது அவர் கண்ணில் நீர் திரளும். முகம் அப்போதும் இறுக்கமாகவே இருக்கும். பேசி நடிப்பதைவிடக் கேட்டு நடிப்பது எவ்வளவு கடினம் என்பது அங்கே தெரியும்.

இந்த அடக்கம் நாடக மேடையில் பழுத்தது. மூஹே கிழக்கு ஜெர்மனியின் கிரிம்மாவில் 1953இல் பிறந்தவர். ராணுவச் சேவையில் பெர்லின் சுவருக்கே காவல் நின்றவர். பின்னர் ஹைனர் முல்லரின் இயக்கத்தில் ஹாம்லெட்டாக நடித்தார். ஒத்திகை நடந்த காலத்தில்தான் அந்தச் சுவர் விழுந்தது. அதற்குச் சில நாள் முன்பு, 1989 நவம்பர் 4 அன்று, பெர்லினின் அலெக்சாண்டர் சதுக்கத்தில் சீர்திருத்தம் கோரித் திரண்ட பெருங்கூட்டத்தின் முன் பேசியவர்களில் அவரும் ஒருவர். ஷ்டாசியின் நிழலில் வாழ்ந்த மனிதர் ஷ்டாசி அதிகாரியாக நடித்தார் என்பதை மறந்துவிட்டு வீஸ்லரைப் பார்க்க என்னால் முடிவதில்லை.

இயக்குநர் ஹானெகேயின் 'ஃபன்னி கேம்ஸ்' (1997) படத்தில் ஆரம்பத்திலேயே, வீட்டுக்குள் புகுந்தவர்கள் மூஹேயின் காலை உடைத்துவிடுகிறார்கள். அதன்பின் குடும்பத்தைக் காக்க வழியற்ற தகப்பனாக, பெரும்பாலும் எழ முடியாத நிலையிலேயே நடிக்கிறார். தொலைக்காட்சியில் 1998 முதல் 2007 வரை, 'கடைசி சாட்சி' என்று பொருள்படும் பெயர் கொண்ட தொடரில் தடயவியல் மருத்துவர் வேடம். ஜெர்மானிய வீடுகளுக்கு அவரை நெருக்கமாக்கியது அதுதான்.

2007 பிப்ரவரியில் 'தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்' படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது. அதே ஆண்டு ஜூலையில் வயிற்றுப் புற்றுநோயால் மூஹே மறைந்தார். வயது 54.

'ஃபன்னி கேம்ஸ்' எல்லோராலும் தாங்கக்கூடிய படம் அல்ல. வீஸ்லரிலிருந்து தொடங்குங்கள். முதல் முறை கதைக்காகப் பாருங்கள், இரண்டாம் முறை அவர் முகத்தை மட்டும் பாருங்கள்.