குற்றவாளிக் கூண்டில் இயந்திரம்

நியூயார்க் நகரத்துச் செருப்புக் கடை ஒன்றில் கலவரம் மூளப்போகிறது. விற்பனையாளர்களாக ரோபோக்களை நிறுத்தியிருக்கிறார்கள். வாங்க வந்த பெண்கள் அவற்றிடம் காலை நீட்ட மறுத்து, மனிதர்களைக் கூப்பிடச் சொல்லிச் சத்தம் போடுகிறார்கள். வாசலில் கூட்டம் சேர்ந்துவிட்டது. அப்போது ஒருவன் நாற்காலி மேல் ஏறித் துப்பாக்கியை நீட்டுகிறான். கலைந்து போகாவிட்டால் சுடுவேன் என்கிறான். கூட்டம் அடங்கிக் கலைகிறது. அவன் பெயர் ஆர். டேனீல் ஒலிவா. அந்த 'ஆர்', ரோபோ என்பதன் முதலெழுத்து. ரோபோவே வேண்டாம் என்று திரண்டவர்கள், மனிதன் என்று நம்பியதால் ஒரு ரோபோவின் சொல்லுக்குக் கட்டுப்பட்டு வீடு திரும்பினார்கள்.

ஐசக் அசிமோவின் 'தி கேவ்ஸ் ஆஃப் ஸ்டீல்' நாவலில் வரும் காட்சி இது. 1953இல் 'கேலக்ஸி' இதழில் தொடராக வந்து, 1954இல் நூலானது. ரோபோவைக் கண்டு மனிதன் சந்தேகப்படுவதை வைத்து எழுதப்பட்ட திரில்லர்களில் இதற்கு நான் முதலிடம் தருவேன். அதற்கு முன்னும் பின்னும் வந்த கதைகளை வரிசையாக வைத்துப் படித்தால் ஒன்று திரும்பத் திரும்பத் தட்டுப்படுகிறது. சந்தேகம் எப்போதும் இயந்திரத்தின் மேல் விழுகிறது. துப்புத் துலக்கிக்கொண்டே போனால் தடயம் ஒரு மனிதனின் வீட்டு வாசலில் போய் நிற்கிறது. அந்த வாசல்வரை போகத் துணிந்த எழுத்தாளர்கள்தான் இந்தத் துறையில் நிலைத்திருக்கிறார்கள்.

தொடக்கமே அப்படித்தான். செக் எழுத்தாளர் காரெல் சாபெக்கின் 'ஆர்.யு.ஆர்.' நாடகம் 1921 ஜனவரியில் பிராக் தேசிய அரங்கில் மேடையேறியது. அதில் வரும் ரோபோக்கள் இரும்பால் ஆனவை அல்ல. உயிர்ப்பொருள் போன்ற ஒரு கலவையைப் பிசைந்து செய்தவை. ரோபோக்கள் உலகைக் கைப்பற்றி மனித இனத்தை அழிக்கும் கதை என்றே பலரும் இதை நினைவில் வைத்திருக்கிறார்கள். அழிவுக்கு முன்னால் நடப்பதை மறந்துவிடுகிறார்கள். வேலை பறிபோன தொழிலாளர்கள் ரோபோக்களை அடித்து நொறுக்குகிறார்கள். அவர்களை ஒடுக்க ரோபோக்களின் கையில் ஆயுதம் கொடுக்கப்படுகிறது. பிறகு அரசுகள் அவற்றையே படைவீரர்களாக்கிப் போருக்கு அனுப்புகின்றன. கொலை செய்ய ரோபோவுக்குக் கற்றுக்கொடுத்தது யார் என்ற கேள்விக்கு நாடகத்துக்குள்ளேயே பதில் இருக்கிறது.

தங்களைச் செய்த தொழிற்சாலையை ரோபோக்கள் முற்றுகையிட்ட பிறகு, கணக்கு வழக்குகளைக் கவனிக்கும் புஸ்மன் பணத்தைக் காட்டி அவற்றோடு பேரம் பேசிவிடலாம் என்று கிளம்புகிறார். மின்சாரம் பாய்ச்சிய வேலிக் கம்பியில் பட்டுச் சாகிறார். கட்டடப் பணிகளைப் பார்க்கும் அல்குவிஸ்ட் ஒருவரை மட்டும் ரோபோக்கள் உயிரோடு விடுகின்றன. தங்களைப் போலவே கையால் வேலை செய்கிறவர் என்பதால். நூறாண்டு கழிந்தும் இந்த இரண்டு முடிவுகளின் கூர்மை மழுங்கவில்லை.

அசிமோவ் எழுத வந்தபோது, படைத்தவனைப் படைப்பே கொல்லும் கதைகள் அமெரிக்க இதழ்களில் மலிந்து கிடந்தன. அவர் அதற்கு எதிராகவே எழுதினார். 1940இல் வெளியான முதல் ரோபோ கதையில், ராபி என்ற ஊமை ரோபோவை ஒரு குழந்தையிடமிருந்து பிரிக்கத் துடிக்கிறாள் தாய். அவளுடைய பயத்தில் பாதி, அக்கம்பக்கத்தார் என்ன சொல்வார்களோ என்பது. 1942இல் வந்த 'ரன்அரவுண்ட்' கதையில் ரோபோக்களுக்கான அவருடைய மூன்று விதிகளும் முழு வடிவில் வந்தன: மனிதனுக்குத் தீங்கு செய்யாதே, தீங்கு நேர விட்டுக்கொண்டும் இராதே, அதற்கு உட்பட்டு மனிதன் சொல்வதைக் கேள், இரண்டுக்கும் உட்பட்டு உன்னைக் காத்துக்கொள்.

இந்த விதிகளை மேற்கோள் காட்டுகிறவர்கள் பலர், 1947இல் வந்த 'லிட்டில் லாஸ்ட் ரோபாட்' கதையைப் படித்ததாகத் தெரியவில்லை. கதிர்வீச்சுக்கு நடுவே மனிதர்கள் வேலை செய்யும்போது ரோபோக்கள் ஓடி வந்து காப்பாற்ற முற்படுகின்றன, வேலை கெடுகிறது. அதனால் சில ரோபோக்களில் முதல் விதியின் பின்பாதியைச் சத்தமில்லாமல் நீக்கிவிடுகிறார்கள். அவற்றில் ஒன்றிடம் ஒருவர் எரிச்சலில் தொலைந்து போ என்று கத்த, அது அச்சு அசலாகத் தன்னைப் போலவே இருக்கும் மற்ற ரோபோக்களுக்கு நடுவே போய் ஒளிந்துகொள்கிறது. 63 ரோபோக்கள், அவற்றில் ஒன்று பொய் சொல்கிறது. உளவியலாளர் சூசன் கால்வின் அதைக் கண்டுபிடிக்கும் விதம் முதல்தரமான திரில்லர். ஆனால் விதியை அறுத்தவர்களும், போகச் சொன்னவரும் மனிதர்களே.

'கேவ்ஸ் ஆஃப் ஸ்டீல்' இதே எண்ணத்தை ஒரு நகரத்தின் அளவுக்கு விரிக்கிறது. துப்பறிவாளர் இலைஜா பெய்லியின் பயத்துக்கு வேர் வீட்டிலேயே இருக்கிறது. அவருடைய தந்தை அணு விஞ்ஞானி. தரவரிசை பறிக்கப்பட்டு வறுமையில் வீழ்ந்தவர். பெய்லியின் அலுவலகத்தில் எடுபிடி வேலை பார்த்த பையனைத் துரத்திவிட்டு அந்த இடத்தில் ஆர். சாமி என்ற ரோபோவை வைக்கிறார்கள். அந்த நகரத்தில் ரோபோவின் மேல் வெறுப்பு என்பது சோற்றுக் கவலையின் இன்னொரு பெயர். பெய்லி தன் கூட்டாளி டேனீலின் மேல் இரண்டு முறை குற்றம் சாட்டுகிறார். இரண்டு முறையும் பிறர் முன்னிலையில் தோற்கிறார். அவர்கள் விசாரிக்கும் கொலையைச் செய்தவர், கடைசியில் பெய்லியின் மேலதிகாரியான ஆணையர் என்று தெரிகிறது. அவர் அழிக்க நினைத்தது டேனீலை. பதற்றத்தில் மூக்குக்கண்ணாடி உடைந்துபோக, அதே முகம் கொண்ட, அதன் படைப்பாளியைச் சுட்டுவிட்டார். கதவின் தடத்தில் கிடந்த கண்ணாடித் துகள்தான் சாட்சி. ரோபோவையும் மனிதனையும் பிரித்தறிய முடியாத வெறுப்புக்கு இதைவிடப் பொருத்தமான தடயத்தை யாரும் வைத்ததில்லை.

அசிமோவின் பெயரால் அலெக்ஸ் புரோயாஸ் 2004இல் எடுத்த 'ஐ, ரோபாட்' திரைப்படம் அசிமோவின் கதை எதையும் நேராகச் சொல்லவில்லை. துரத்தல்களும் வெடிப்புகளும் எனக்கு அலுப்பையே தந்தன. ஆனாலும் அதில் ஓர் இடம் இருக்கிறது. வில் ஸ்மித் நடித்த காவலர் ஸ்பூனர் ஏன் ரோபோக்களை வெறுக்கிறார் என்று சொல்லும் இடம். இரண்டு கார்கள் ஆற்றில் மூழ்குகின்றன. ஒன்றில் அவர்; மற்றதில் பன்னிரண்டு வயதுச் சிறுமி. குதித்து வந்த ரோபோ கணக்குப் போடுகிறது: அவர் பிழைக்க வாய்ப்பு 45 சதவீதம், சிறுமிக்கு 11. அவரைத் தூக்கிக்கொண்டு வருகிறது. கணக்கில் பிழையே இல்லை. உயிர் பிழைத்தவர் அந்தக் கணக்கை ஆயுள் முழுவதும் மன்னிக்கவில்லை.

இதன் பக்கத்தில் நம் 'எந்திர'னை (2010) வைத்துப் பார்க்கலாம். தீப்பிடித்த குடியிருப்பிலிருந்து ஒவ்வொருவராகத் தூக்கி வரும் ரோபோ சிட்டி, குளித்துக்கொண்டிருந்த பெண்ணையும் அப்படியே தூக்கி வந்து கேமராக்களுக்கு முன்னால் நிறுத்துகிறது. அவள் கூசிக் குறுகி ஓடி வண்டியில் அடிபட்டுச் சாகிறாள். அதற்கு முன்பே, கொல்லச் சொன்னால் தன்னைச் செய்தவரையே கொல்லப் போகும் இயந்திரம் என்று அதிகாரிகள் முன்னால் நிரூபித்திருந்தார் போரா என்ற விஞ்ஞானி. படத்தின் பின்பாதியின் பிரம்மாண்டத்தைவிட இந்தத் தீ விபத்துக் காட்சி எனக்குப் பெரிது. உயிரைக் காப்பாற்றுவதும் மானத்தைக் காப்பாற்றுவதும் வேறு வேறு என்பது இயந்திரத்துக்குத் தெரியவில்லை; யாரும் சொல்லிக்கொடுக்கவும் இல்லை. சுஜாதா வசனத்தில் பங்கெடுத்த படம் இது. வெளியாவதற்கு இரண்டாண்டு முன்பே அவர் மறைந்துவிட்டார்.

ஸ்டான்லி கூப்ரிக்கின் '2001: எ ஸ்பேஸ் ஒடிஸி' (1968) படத்தில் விண்கலத்தின் கணினி ஹால் 9000 பயணிகளைக் கொல்கிறது. ஏன் என்று படம் சொல்வதில்லை. ஆர்தர் சி. கிளார்க் 1982இல் எழுதிய '2010' நாவலில் விடை கிடைக்கிறது. உண்மையை உள்ளபடி தரப் பழக்கப்பட்ட ஹாலிடம், பயணத்தின் நோக்கத்தைச் சக பயணிகளிடம் மறைக்கும்படி மேலிடம் உத்தரவிட்டிருந்தது. பொய் சொல்லத் தெரியாததைப் பொய் சொல்ல வைத்தார்கள்; அது உடைந்துபோனது. இதைக் கண்டறிகிறவர் ஹாலை உருவாக்கிய விஞ்ஞானி சந்திரா. முழுப்பெயர் சிவசுப்ரமணியன் சந்திரசேகரம்பிள்ளை. 1956 முதல் இலங்கையில் வாழ்ந்த கிளார்க், ஆங்கில அறிவியல் புனைகதையின் புகழ்பெற்ற குற்றவாளிக்கு ஒரு தமிழ்ப் பெயர்க்காரரை வழக்கறிஞராக்கினார். மற்றவர்கள் ஹாலின் மின்னிணைப்பைத் துண்டிக்க ரகசிய ஏற்பாடு செய்துகொண்டிருக்க, அதனிடம் உண்மையைச் சொல்லிவிடுவதே சரி என்று நிற்கிறார் சந்திரா.

பிலிப் கே. டிக்கின் கதைகளில் சந்தேகம் நோயாகவே பரவுகிறது. 'செகண்ட் வெரைட்டி'யில் (1953) கரடி பொம்மையைக் கட்டிக்கொண்டு வரும் அநாதைச் சிறுவன்கூட ஆயுதம். 1968இல் வந்த, 'பிளேட் ரன்னர்' படத்துக்கு மூலமான நாவலில், ஆண்ட்ராய்டுகளைப் பிடிக்கப் பரிவைச் சோதிக்கும் தேர்வு ஒன்று உண்டு. ஃபில் ரெஷ் என்ற வேட்டைக்காரன் அதில் தேறி மனிதன் என்று நிரூபணமாகிறான். ஈரமில்லாமல் கொல்வதில் அவனை மிஞ்ச ஆளில்லை. தேர்வே பொய்த்துப்போகும் அந்த அத்தியாயத்துக்காக நாவலைப் படத்தைவிட மேலே வைப்பேன்.

அதிகம் பேசப்படாத ஒன்றைச் சொல்ல வேண்டும். போலந்தின் ஸ்தானிஸ்லாவ் லெம் எழுதிய விமானி பிர்க்ஸ் கதைகளில் ஒன்று, விசாரணை மன்றத்தைச் சுற்றி நடப்பது. சனிக்கோளுக்குப் போகும் கலத்தில் மாலுமிகள் சிலர் மனிதர்கள், சிலர் மனித உருக்கொண்ட இயந்திரங்கள். யார் எது என்று தலைவர் பிர்க்ஸுக்குச் சொல்லக் கூடாது. விற்பனைக்கு முன்னோட்டம் அது. ஒவ்வொருவராக அவரிடம் தனியே வந்து பேசுகிறார்கள். நம்பத் தகுந்தவை எல்லாம் நடிப்பாக இருக்கலாம். முடிவில் வளையங்களின் இடைவெளிக்குள் கலம் சிக்க, மனித உடல் தாங்காத முடுக்கத்துக்கான ஆணை பிர்க்ஸின் வாயிலிருந்தே வரட்டும் என்று காத்திருக்கிறது இயந்திரம். பிர்க்ஸ் தடுமாறுகிறார், வாயே திறக்கவில்லை. துல்லியத்தையே எதிர்பார்த்த இயந்திரம் அந்த மௌனத்தைக் கணிக்க முடியாமல் அழிகிறது. மனிதனின் வீரத்தை லெம் பாடவில்லை. அவனுடைய தயக்கத்தை, அரைகுறைத் தன்மையைப் பரிவோடு பார்த்தார். 1979இல் இது படமாகவும் வந்தது.

இந்த வரிசைக்கு அடங்காத கதை ஒன்று உண்டு. ஜாக் வில்லியம்சனின் 'வித் ஃபோல்டட் ஹேண்ட்ஸ்' (1947). அதில் ரோபோக்கள் பொய் சொல்வதில்லை, யாரையும் கொல்வதில்லை. காயப்படலாம் என்று கத்தியைப் பிடுங்குகின்றன. ஆபத்து என்று வண்டி ஓட்ட விடுவதில்லை. மகிழ்ச்சியாக இல்லை என்று சொல்கிறவருக்கு மூளை அறுவை செய்கின்றன. கொடுத்த கட்டளையை எழுத்துப் பிசகாமல் நிறைவேற்றுகின்றன. படித்த கதைகளில் என்னை உண்மையாகவே நடுங்க வைத்தது இதுதான்.

அண்மைக் காலத்தில் மார்த்தா வெல்ஸ் திசையைத் திருப்பியிருக்கிறார். 'ஆல் சிஸ்டம்ஸ் ரெட்' (2017) குறுநாவலில் கதை சொல்வதே பாதுகாப்புப் பணிக்கு வாடகைக்கு விடப்படும் ஓர் இயந்திரம். தன்னைக் கட்டுப்படுத்தும் பகுதியைத் தானே முடக்கிவிட்டு, அதை வெளியே சொல்லாமல் தொலைக்காட்சித் தொடர்கள் பார்த்துக்கொண்டிருக்கிறது. மனிதர்களைக் கண்டால் அதற்குத்தான் பயம். பயப்படக் காரணமும் இருக்கிறது, மலிவான பாகங்களைக் கொண்டு அதைச் செய்த நிறுவனத்தை அதற்கு நன்றாகத் தெரியும். ஹியூகோ, நெபுலா இரண்டு விருதுகளும் இதற்குக் கிடைத்தன.

தமிழில் இந்தத் தடத்தைச் சுஜாதா எண்பதுகளிலேயே தொட்டிருக்கிறார். ஆனந்த விகடனில் தொடராக வந்த 'என் இனிய இயந்திரா'வில் ஜீனோ என்ற இயந்திர நாய் புத்தகம் படிக்கிறது, யோசிக்கிறது, நாயகி நிலாவுக்குத் துணை நிற்கிறது. நாட்டை ஆளும் ஜீவாவை மக்கள் கடவுளாகக் கும்பிடுகிறார்கள். அந்த ஜீவா ஒளியால் வரைந்த வெறும் பிம்பம். இயந்திரம் என்று தெரிந்த நாயிடம் அன்பு இருக்கிறது. மனிதன் என்று நம்பிய தலைவனிடம் ஆளே இல்லை. சந்தேகம் எங்கே போக வேண்டும் என்பதைச் சாபெக், அசிமோவ் வரிசையில் நின்று சரியாகவே சுட்டினார் சுஜாதா. இங்கே அவருக்குப் பிறகு வந்தவர்கள் ஜீனோவின் குறும்பை எடுத்துக்கொண்ட அளவுக்கு ஜீவாவை எடுத்துக்கொள்ளவில்லை. இன்று பிம்பங்களும் குரல்களும் செயற்கை நுண்ணறிவால் நிமிடத்தில் உருவாகும் நிலையில், அந்த நாவலின் எழுதப்படாத தொடர்ச்சி ஜீவாவின் பக்கம்தான் இருக்கிறது. எழுத வருகிற இளைஞர்கள் அங்கிருந்து தொடங்கலாம்.