சயாம் பாதை: யார் எழுதினார்கள், யாரைப் பற்றி

தோக்கியோ போர்க்குற்ற விசாரணையில் ஒரு கணக்கு முன்வைக்கப்பட்டது. ஜப்பானியரிடம் சிறைபட்ட மேற்கத்திய நேச நாட்டு வீரர்களில் 27 சதவீதம் பேர் இறந்திருந்தனர். ஜெர்மனி, இத்தாலி நாடுகளிடம் சிறைபட்டவர்களில் இறந்தவர்கள் 4 சதவீதம். இவ்வளவு துல்லியமாகச் சொல்ல முடிந்ததற்குக் காரணம், அந்த வீரர்களுக்குப் பெயர்ப்பட்டியல் இருந்ததுதான். ஜப்பானியர் ஆளுக்கொரு அட்டை வைத்திருந்தார்கள். சிங்கப்பூரின் சாங்கி முகாமில் கைதிகளே தனியாக ஒரு பதிவகம் நடத்தி, யார் எந்தப் படைப்பிரிவு, எங்கே அனுப்பப்பட்டார், எங்கே இறந்தார் என்று எழுதிவைத்தார்கள். இந்தக் கைதிகளையும், ஜப்பானியர் போட்ட சயாம் ரயில்பாதையையும் பற்றிக் கடந்த எண்பது ஆண்டுகளில் வந்த நூல்களைப் படித்துக்கொண்டு வரும்போது என்னை விடாமல் உறுத்துவது இதுதான்: பட்டியலில் இருந்தவர்களுக்கு இலக்கியம் கிடைத்தது. பட்டியலுக்கு வெளியே இருந்தவர்கள் அதிகமாக இறந்தார்கள், அவர்களைப் பற்றிய எழுத்தோ மிகக் குறைவு.

பட்டியலில் இருந்தவர்களின் எழுத்தை நான் குறைத்து மதிப்பிடவில்லை. ரொனால்ட் சியர்ல் என்ற இளம் ஓவியர் தான் வரைந்த முகாம் காட்சிகளை வாந்திபேதி நோயாளிகளின் படுக்கைக்கு அடியில் ஒளித்துவைத்துக் காப்பாற்றினார். தொற்றுக்குப் பயந்து காவலர்கள் அந்தப் பக்கம் வரமாட்டார்கள் என்பது அவர் கணக்கு. ஆஸ்திரேலிய மருத்துவர் எட்வர்ட் டன்லப் எழுதிய நாட்குறிப்புகள் 1986இல்தான் நூலாயின. சுமத்ராவின் பெண்கள் முகாமில் மார்கரெட் டிரைபர்க்கும் நோரா சேம்பர்ஸும் வாத்தியம் ஏதுமில்லாமல், குரல்களை மட்டும் கொண்டு ஓர் இசைக்குழுவை உருவாக்கினார்கள். சாங்கி சிறையில் அடைபட்ட பெண்கள் 1942இல் துணித் துண்டுகளில் தங்கள் பெயரையும் சேதியையும் தைத்துப் போர்வைகளாக்கினார்கள். வேறிடத்தில் அடைபட்டிருந்த கணவன்மாருக்குத் தாங்கள் உயிரோடிருப்பதைத் தெரிவிக்க அது ஒரு வழி. இவற்றையெல்லாம் படிக்கும்போது, மனிதர்கள் எவ்வளவு தாங்குவார்கள் என்ற வியப்பு எழாமல் இருக்காது.

புனைவு வேறு பாதையில் போனது. பியர் பூல் 1952இல் எழுதிய குவாய் நதிப் பாலம் நாவலின் மையம் ஒரு பிரிட்டிஷ் கர்னலின் பிடிவாதம். டேவிட் லீன் அதை இலங்கையின் கித்துல்கலையில் படமாக்கினார். 1957இல் வெளிவந்து உலகத்தின் நினைவில் அதுவே சயாம் ரயிலாக நிலைத்துவிட்டது. பூல் போருக்கு முன் மலாயாவின் ரப்பர் தோட்டத்தில் பொறியாளராக இருந்தவர். தமிழ்ப் பால்மரத் தொழிலாளர்களை நாள்தோறும் பார்த்திருக்க வேண்டிய மனிதர். அவர் கற்பனை அவர்கள் பக்கம் திரும்பாமல் போனது எனக்கு இன்றும் வருத்தம் தருகிறது. எரிக் லோமேக்ஸ் 1995இல் வெளியிட்ட தன்வரலாறும், கைதியாயிருந்த தந்தையின் மகனான ரிச்சர்ட் ஃபிளானகன் 2013இல் வெளியிட்டு புக்கர் பரிசு பெற்ற நாவலும் ஆழத்தில் மிக மேலானவை. ஆனாலும் அவற்றின் நடுவில் நிற்பவன் வெள்ளைப் போர்வீரன்தான்.

இந்த ரயில்பாதை, சயாம் என்று வழங்கிய தாய்லாந்தின் பான்போங்கிலிருந்து பர்மாவின் தான்பியூசயாத் வரை 415 கிலோமீட்டர். 1942இல் தொடங்கிய வேலை 1943 அக்டோபரில் முடிந்தது. 60,000க்கு மேற்பட்ட போர்க்கைதிகள் உழைத்து, ஏறத்தாழ 12,500 பேர் மாண்டார்கள். ஆசியத் தொழிலாளர்கள் 2 லட்சம் பேர் வரை இருக்கலாம் என்பதும், அவர்களில் இறந்தவர்கள் 90,000 பேர் வரை இருக்கலாம் என்பதும் பொதுவான மதிப்பீடு. பர்மியர், ஜாவாக்காரர், மலாய்க்காரர், சீனர் எல்லோரும் இருந்தார்கள். மலாயாவிலிருந்து போன 75,000க்கு மேற்பட்டவர்களில் பெரும்பாலோர் தோட்டத் தமிழர்கள். ரப்பர் ஏற்றுமதி நின்று தோட்டங்களில் கூலி இல்லாமல் போன நேரம் அது. முதலில் நல்ல சம்பளம், சில மாத வேலை என்று ஆசை காட்டினார்கள். போனவர்கள் திரும்பாத செய்தி பரவியதும் ஆள்பிடிப்பு தொடங்கியது. இலவசப் படம் காட்டுவதாகக் கூட்டி, கதவடைத்து, லாரியில் ஏற்றியதும் உண்டு.

ஒரே பாதை, ஒரே மழை, ஒரே வாந்திபேதி. பிறகு ஏன் தமிழர் முகாம்களில் சாவு இவ்வளவு கூடுதல்? கைதிகளிடம் ராணுவ அமைப்பு குலையாமல் இருந்தது. கழிப்பிடக் குழி எங்கே வெட்டுவது என்று சொல்ல அதிகாரி இருந்தார், கொதிக்கவைக்காத தண்ணீரைத் தொடாதே என்று அதட்ட மருத்துவர் இருந்தார். மூங்கில் குழாயும் கிடைத்த தகரமும் கொண்டு உப்புநீர் ஏற்றும் கருவியைச் செய்துகொண்டார்கள். தோட்டத்திலிருந்து பெண்டு பிள்ளைகளோடு வந்தவர்களுக்கு இதில் ஒன்றும் கிடையாது. அவர்கள் பெயருக்குக் கூலியாட்கள். கைதிகள் இல்லை என்பதால் கைதிக்குரிய ஒப்பந்தங்களின் பெயரளவு நிழல்கூட அவர்கள் மேல் விழவில்லை.

1943இல் சாங்கியிலிருந்து கைதி மருத்துவர்களையும் உதவியாளர்களையும் ஜப்பானியர் இந்தத் தொழிலாளர் முகாம்களுக்கு அனுப்பினார்கள். கே படை, எல் படை என்று பெயர். கைதிகளிடையே மலாயாவில் தோட்டத் துரைமாராக இருந்த தொண்டர்படையினரும் உண்டு. தமிழ் பேசத் தெரிந்தவர்கள். டாக்டர் ராபர்ட் ஹார்டியின் நாட்குறிப்பு போன்றவற்றில் தமிழர்களைப் பற்றி வரும் சில பக்கங்கள்தான் அன்றன்றைக்கே எழுதப்பட்ட அரிய சாட்சியங்கள். தமிழ் ஆய்வாளர்கள் இவற்றை வரி வரியாகப் படிக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம்.

இந்தியச் சிப்பாய்களின் கதையிலும், கைதியா கூலியாளா என்ற இதே அடையாளச் சிக்கல் உண்டு. சிங்கப்பூர் விழுந்த இரண்டாம் நாள், 1942 பிப்ரவரி 17 அன்று, ஃபேரர் பார்க் திடலில் சுமார் 45,000 இந்தியர்கள் ஜப்பானியரிடம் ஒப்படைக்கப்பட்டார்கள். இந்திய தேசிய ராணுவத்தில் சேராதவர்களில் பல்லாயிரம் பேர் நியூகினிக்கும் நியூபிரிட்டனுக்கும் கொண்டுபோகப்பட்டார்கள். போருக்குப் பின் நடந்த வழக்குகளில் ஜப்பானியத் தரப்பு, இவர்கள் கைதிகளே அல்லர், விரும்பி வந்த வேலையாட்கள் என்று வாதாடியது. இந்திய தேசிய ராணுவ வீரர்களைப் பற்றி நம்மிடம் குவிந்துள்ள நூல்களோடு ஒப்பிட்டால் இவர்களுக்குக் கிடைத்த இடம் சிறிது.

வரலாற்றாய்வில் நல்ல திருப்பம் பின்னால்தான் வந்தது. பால் கிராடோஸ்கா ஆசியத் தொழிலாளர் பற்றிய கட்டுரைத் தொகுப்பையும், அடுத்து இந்த ரயில்பாதையின் ஆவணத் தொகுதிகளையும் 2005, 2006 ஆண்டுகளில் கொண்டுவந்தார். ஜப்பானிலேயே நாகாஹாரா மிச்சிகோ மலாயாவின் ஆள்பிடிப்பை ஆராய்ந்தார். உத்சுமி ஐகோ முகாம்களில் காவல் நின்ற கொரியர்களைப் பற்றி எழுதினார். பேரரசின் அடித்தட்டிலிருந்து அழைத்துவரப்பட்ட கொரியர்களில் 148 பேர் போருக்குப் பின் குற்றவாளிகளாகத் தீர்ப்பளிக்கப்பட்டு, 23 பேர் மரண தண்டனைக்கு ஆளானார்கள்.

தமிழில் இந்தச் சுமையைத் தூக்கியது மலேசிய நாவல்தான். ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’ இரண்டும், ஆவணம் இல்லாத இடத்தில் வாய்மொழியைக் கொண்டு கட்டியவை. ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’ அதே போர்க்காலத்தில் நடந்தாலும் அதன் உலகம் வட்டிக்கடையும் கடலும் படையும். தமிழ்நாட்டு விமர்சனம் சிங்காரத்தைக் கொண்டாடிய அளவுக்கு மற்ற இருவரையும் வாசிக்கவில்லை. நடையழகை மட்டும் அளவுகோலாக வைத்ததன் விளைவு இது என்று நினைக்கிறேன்.

காஞ்சனபுரியில் போர்க்கைதிகளுக்கான கல்லறைத் தோட்டத்தில் ஏறத்தாழ 7,000 கல்லறைகள், பெரும்பாலானவற்றில் பெயர்கள். அதே நகரில் 1990இல் ஒரு வயலைத் தோண்டியபோது நூற்றுக்கணக்கான எலும்புக்கூடுகள் பெயரில்லாமல் கிடைத்தன. மலாயாத் தோட்டங்களின் செக்ரோல் (தொழிலாளர் வருகைப் பதிவு) புத்தகங்கள், தொழிலாளர் துறையின் போருக்குப் பிந்தைய கோப்புகள், கோயில் கணக்குகள், குடும்பங்களின் நினைவு ஆகியவற்றை ஒன்றோடொன்று ஒப்பிட்டு, தோட்டம் தோட்டமாகப் பெயர்ப்பட்டியல் தயாரிக்கும் வேலையை ஒரு பல்கலைக்கழகத் தமிழ்த் துறையும் வரலாற்றுத் துறையும் சேர்ந்து எடுக்கலாம். சயாமுக்குப் போனவர்களின் பிள்ளைகள் இன்று எண்பதைக் கடந்தவர்கள். அவர்களிடம் போய்க் கேட்பதிலிருந்து தொடங்க வேண்டும்.