பந்தை விட்டு ஆளைப் பிடித்தவர்

1984 பிரெஞ்சு ஓபன் இறுதிப் போட்டி. அந்த ஆண்டு அதுவரை ஆடிய 42 ஆட்டங்களிலும் தோல்வியே காணாத ஜான் மெக்கன்ரோ, முதல் இரண்டு செட்டையும் 6-3, 6-2 என்று அள்ளிக்கொண்டார். அடுத்த மூன்றையும் 6-4, 7-5, 7-5 என்று பறித்துக்கொண்டு போனார் இவான் லெண்டில். லெண்டிலுக்கு அதுதான் முதல் கிராண்ட்ஸ்லாம். மெக்கன்ரோ எங்கே கோட்டைவிட்டார்? நான் படித்த அலசல்கள் எதிலும் கிடைக்காத தெளிவு, பிரான்ஸின் ஆவணப்பட இயக்குநர் ஜூலியன் ஃபரோவின் 2018 படத்தில் கிடைத்தது.

பாரிஸில் உள்ள தேசிய விளையாட்டு நிறுவனத்தின் திரைப்படக் காப்பகத்தில் வேலை பார்ப்பவர் ஃபரோ. தூசி படிந்த ரீல்கள்தான் அவருடைய ஆடுகளம். ஹெல்சின்கி ஒலிம்பிக்கைப் பற்றி இயக்குநர் கிறிஸ் மார்க்கர் எடுத்த முதல் படத்தைக் கிளறி 2013-ல் ஒரு படம் செய்தார். மெக்கன்ரோ படத்துக்கும் மூலதனம் பழைய 16 எம்.எம். சுருள்களே. எடுத்தவர் பிரெஞ்சு டென்னிஸின் தொழில்நுட்ப இயக்குநராக இருந்த கில் த கெர்மாடெக். பயிற்சிப் படங்களுக்காக வீரர்களைத் தனியாக அடித்துக்காட்டச் சொன்னவர், அவர்கள் காட்டுவது ஒன்று, ஆட்டத்தில் அடிப்பது வேறொன்று என்று கண்டுகொண்டார். கேமராவை மேட்ச்சுக்குள்ளேயே கொண்டுபோய், ஒரே வீரர் மீது நிறுத்திவிட்டார்.

அதனால் இந்தப் படத்தில் எதிராளி அநேகமாகக் கண்ணில் படுவதில்லை. மெக்கன்ரோவின் சர்வை ஸ்லோ மோஷனில் பாருங்கள். பாதங்கள் பேஸ்லைனை ஒட்டி நீளவாக்கில் நிற்கின்றன. முதுகு ஏறக்குறைய நெட்டைப் பார்த்திருக்கிறது. பந்து எந்தப் பக்கம் போகும் என்று அந்த உடம்பைப் பார்த்துச் சொல்லவே முடியாது. அடித்து முடித்ததும் ஆள் நெட்டை நோக்கிப் பாய்ந்துவிடுகிறார், வாலிக்குத் தயாராக.

கோபத்தையும் ஃபரோ சர்க்கஸாக்கவில்லை. மைக் இரைச்சல், கேமரா ஓடும் சத்தம், கூட்டத்தில் ஒரு இருமல் என்று எல்லாமே மெக்கன்ரோவின் காதில் விழுகிறது. மற்ற ஆட்டங்களில் அதே எரிச்சலைக் கூர்மையாக்கிக்கொண்டவர், அந்த இறுதிப் போட்டியில் அதில் கவனத்தைச் சிதறவிட்டார். தோல்விக்கு இதுதான் காரணம் என்பது என் வாசிப்பு. லெண்டிலின் உடற்தகுதியையும் ஒதுக்கிவிட முடியாது.

2021-ல் வந்த ஃபரோவின் ‘கிழக்கின் சூனியக்காரிகள்’ எனக்கு ஒரு படி கீழேதான். தொடர்ந்து 258 வெற்றி பெற்ற, 1964 டோக்கியோ ஒலிம்பிக்கில் சோவியத் அணியை 3-0 என வீழ்த்திய ஜப்பான் பெண்கள் வாலிபால் அணியின் கதை. பழைய காட்சிகளோடு அனிமேஷனைக் கோத்த வெட்டு பிரமாதம். ஆனால் பஞ்சாலை வேலை முடிந்த பின்னும் நள்ளிரவுவரை அந்தப் பெண்களைத் தரையில் உருளவிட்ட பயிற்சியின் கொடுமையை இன்னும் கறாராக விசாரித்திருக்கலாம்.

டென்னிஸ் சொல்லிக்கொடுப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: மாணவரின் சர்வைத் தனியாக நிறுத்தி செல்போனில் எடுத்துத் திருத்துவதோடு விடாதீர்கள். மேட்ச் நடக்கும்போதும் எடுங்கள், பந்தைத் துரத்தாமல்.